கப்பலுக்கு உலை வைத்த குடும்பம்

பால் வாங்கப் போனவன், சேரன்மகாதேவி முக்கில் கூட்டத்தைப் பார்த்ததும் வண்டியை மெதுவாக்கினேன். கோமதிநாயகம் அண்ணாச்சியின் டீக்கடை வாசலில் அத்தனை பேரும் அண்ணாந்து நின்றார்கள். கையில் தம்ளர் இருக்கிறது, வாய்க்குப் போகவில்லை. அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தது முந்தின நாள் சாயங்காலம் நான் ஆள் வைத்துக் கட்டிய ஃப்ளெக்ஸை.

எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது. ஃப்ளெக்ஸ் அச்சடித்துப் பிழைக்கிறவன் நான். கல்யாணம், சடங்கு, கண்ணீர் அஞ்சலி, கோயில் கொடைவிழா என்று ஊரில் யார் முகம் கம்பத்தில் ஏறினாலும் என் கடை வழியாகத்தான் ஏறும். ஆனால் இது என் மகளுக்காக நானே எழுதி, நானே அச்சடித்தது. சாதாரணச் சரக்கு இல்லை. முதுகுப்பக்கம் கறுப்பாக இருக்கும், வெயிலுக்கு நேரே பிடித்தாலும் வெளிச்சம் ஊடுருவாது. பெரிய கடைக்காரர்கள் மட்டுமே கேட்டு வாங்கும் உயர்ந்த ரகம்.

‘மக்கள் மெய்ம்மறந்து நிற்கிறார்கள்’ என்று நினைத்துக்கொண்டே வண்டியை ஓரங்கட்டினேன்.

“வாரும்வே,” என்றார் அண்ணாச்சி. “அந்தக் கப்பக்காரன் உமக்கு என்னவே துரோகம் பண்ணினான்?”

“எந்தக் கப்பக்காரன் அண்ணாச்சி?”

“பொம்பளப்புள்ள படிச்சு வேலைக்குப் போவுதுன்னு ஊரே சந்தோசப்படுது. நீரு என்னடான்னா, எம்மவ கப்பலுக்கு உலை வைக்கப் போறான்னு கம்பம் நட்டுச் சொல்லுதீரு!”

அண்ணாந்து பார்த்தேன். என் எழுத்து என்னைப் பார்த்துச் சிரித்தது.

பனிக்கடல் தேசத்தில்
கப்பலுக்கு உலை வைக்கும்
எங்கள் செல்லமகள் இசக்கிப்ரியா பி.இ.,
வாழ்க! வளர்க!

அடுத்தவன் வேலையைக் கெடுத்தால் அவன் பிழைப்புக்கு ‘உலை வைத்துவிட்டான்’ என்போம். முப்பதாண்டு காலம் தமிழில் வாழ்த்து எழுதிக் காலம் தள்ளியவனுக்கு அந்த நேரம் பார்த்து அது மறந்துபோயிருந்தது.

பயந்தவன் கணக்கு

பாபநாசத்தில் குரங்குக்குப் பயந்து ஈர வேட்டியோடு பஸ் ஏறிய கதையை நான் முன்பு பத்திரிகையில் எழுதியதும் ஆழ்வார்குறிச்சி வாசகர் ஒருவர் கடைக்கே வந்துவிட்டார். “நீரு எதுக்குத்தான்வே பயப்பட மாட்டீரு?” என்று கேட்டார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஏணிக்குப் பயம். ஊசிக்குப் பயம். காஸ் சிலிண்டர் மாற்றும்போது நான் தெருவில்தான் நிற்பேன். மனைவி சொர்ணம் மாற்றி முடித்து, “வாங்க, வெடிக்கல” என்று கூப்பிட்ட பிறகுதான் உள்ளே போவேன்.

அப்படிப்பட்டவனிடம் என் ஒரே மகள் வந்து, “அப்பா, நான் அணு உலை வேலைக்குப் போறேன்” என்றால் என்ன ஆகும்?

எங்கள் பக்கம் அந்தச் சொல்லுக்கு அறிமுகம் தேவையில்லை. கூடங்குளம் பக்கத்தில்தான் இருக்கிறது. அதில் வேலை பார்ப்பவர்களும் எனக்கு வாழ்த்துப் படம் கொடுத்திருக்கிறார்கள், அது வேண்டாம் என்பவர்களும் பதாகை அடிக்க வந்திருக்கிறார்கள். ரெண்டு பேருக்கும் எழுத்துப் பிழை இல்லாமல் அடித்துக் கொடுத்தேன். கருத்துக் கேட்டால், “எழுத்து பெருசா வேணுமா, சின்னதா வேணுமா?” என்று பேச்சை மாற்றிவிடுவேன். இப்போது அது என் வீட்டுக்குள்ளேயே வந்து உட்கார்ந்து தோசை சாப்பிட்டது.

இசக்கி சென்னையில் ஒரு நிறுவனத்தில் வேலை பார்க்கிறாள். சிறிய அணு உலைகளை வடிவமைக்கும் வேலை. பெரிய உலை ஒரு மாநிலத்துக்கே மின்சாரம் தரும் என்றால், இது ஒரு கப்பலை ஓட்டும், அல்லது மின்கம்பியே போக முடியாத ஒரு சிற்றூருக்கு விளக்கேற்றும். வடக்கே பனிக்கடல் ஓரத்தில் அப்படி ஒரு துறைமுக ஊர் இருக்கிறதாம். உலையை ஒரு மிதவைக் கப்பலில் வைத்துக் கரையோரமாகக் கட்டிப்போட்டிருக்கிறார்களாம். அங்கே ஓராண்டு தங்கி வேலை கற்றுக்கொண்டு வர இவளைத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். ஊர்ப்பெயரை எழுதக்கூடாது என்பது மகளின் கட்டளை. எழுதச் சொன்னாலும் எனக்கு வாயில் நுழையாது.

பால் குக்கரும் நானும்

சொர்ணம் என்னைப் போல இல்லை. எதையும் அடுப்பங்கரைக்குக் கொண்டுவந்து விசாரித்துவிடுவாள்.

“அது எப்படிட்டி வேல செய்யும்? எனக்கு விளங்குத மாதிரி சொல்லு.”

இசக்கி சுற்றுமுற்றும் பார்த்துப் பால் குக்கரை எடுத்தாள். ரெண்டு சுவர் இருக்கும், நடுவில் தண்ணீர் ஊற்றிப் பால் காய்ச்சுவோமே, அது.

“தீ இந்தத் தண்ணியச் சுட வைக்கி. தண்ணி பாலைச் சுட வைக்கி. தண்ணி பாலோட கலக்கா? கலக்கல. அதே மாதிரிதான். உலைக்குள்ள சுத்துத தண்ணி வேற, வெளிய ஆவியாகிச் சக்கரத்தச் சுத்துத தண்ணி வேற. சூடு மட்டும்தான் கை மாறும்.”

“விறகு?”

“ஒருக்கப் போட்டா வருசக்கணக்கா வரும்மா. அந்த ஊர்ல குளிர்காலத்துல கடலே கட்டியாயிரும். டீசல் கப்பல் வர முடியாது. பள்ளிக்கூடத்துக்குச் சூடு வேணும், ஆசுபத்திரிக்கு வெளிச்சம் வேணும். அதுக்குத்தான் இது.”

“பிள்ளைங்க குளிர்ல விறைக்காம இருக்குன்னா நல்ல காரியந்தான?” என்று சொர்ணம் முடித்துவிட்டாள். அவள் கவலை எல்லாம் அந்த ஊரில் புளி கிடைக்குமா என்பதில் இருந்தது.

நான் முற்றத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். ரொம்பத் தெளிவாகப் புரிந்தது. அதுதான் வினை. அன்று சாயங்காலம் அடுப்பில் இருந்த பால் குக்கர் விசில் அடித்ததும் நான் செருப்பில்லாமல் தெருவுக்கு ஓடினேன். பக்கத்து வீட்டுக்காரர், “என்னவே, தீயா?” என்றார். “பால்,” என்றேன்.

அதோடு விட்டேனா? கதிர்வீச்சுக்கு அயோடின் நல்லது என்று கைப்பேசியில் எங்கேயோ படித்துவிட்டு மருந்துக்கடையில் போய் நின்றேன். “அதெல்லாம் ஆபத்து சமயத்துல, சொன்னா மட்டும் சாப்பிடுத மாத்திரை அண்ணாச்சி. வாங்கி வச்சு வடை மாதிரித் திங்கக்கூடாது” என்று அனுப்பிவிட்டார்கள். வரும் வழியில் பலசரக்குக் கடையில் அயோடின் கலந்த உப்பு கண்ணில் பட்டது. பாக்கெட் பாக்கெட்டாக வாங்கி, மகளுடைய பெட்டியின் அடியில் கம்பளிச் சட்டைக்குக் கீழே ஒளித்துவைத்தேன். கையில் கொடுத்தால் சண்டை வரும் என்று எங்கள் வீட்டில் உப்பைக் கைக்குக் கை கொடுப்பதில்லை. பெட்டிக்குள் வைத்தால் வராது என்று நினைத்தேன்.

சுருக்கி எழுதிய கதை

தொழிலில் பிழை வராதவன் இல்லை நான். ஒரு முறை ‘காதணி விழா’ என்பது ‘காலணி விழா’ ஆகிவிட்டது. காது குத்தப்போன குழந்தைக்கு மூன்று பேர் செருப்பு வாங்கி வந்தார்கள். இன்னொரு முறை கண்ணீர் அஞ்சலியில் இறந்தவர் படத்தைவிட, ஃப்ளெக்ஸ் வைத்த மருமகன் படம் பெரிதாகிவிட்டது. வந்தவர்கள் மருமகனுக்கு மாலை போட்டுக் கும்பிட்டார்கள். அவரும் பழக்கதோஷத்தில் கும்பிட்டார்.

ஆனால் இந்தப் பிழை அப்படிக் கைதவறி வந்தது இல்லை. படிப்படியாக, யோசித்து யோசித்துச் செய்தது.

முதலில் ‘கப்பலில் அணு உலை அமைக்கும் பணிக்குச் செல்லும்’ என்றுதான் தட்டினேன். மகள் படம் பெரிதாக இருந்ததால் எழுத்து சிறுத்தது. ஓடுகிற பஸ்ஸிலிருந்து படிக்க முடியாவிட்டால் அது ஃப்ளெக்ஸே இல்லை என்பது எங்கள் தொழில் சட்டம். ‘பணிக்குச் செல்லும்’ போனது. ‘அமைக்கும்’ என்பது ‘வைக்கும்’ ஆனது. உலை என்றால் வைப்பதுதானே, வாய்க்கும் நன்றாக வந்தது. ‘வைக்கும்’ வந்ததும் ‘கப்பலில்’ நொண்டியது, ‘கப்பலுக்கு’ என்று மாற்றினேன்.

மிச்சம் இருந்தது ‘அணு’. திரையில் அதைப் பெரிதாக்கினேன். சிவப்பில் போட்டால் அபாயம் மாதிரி இருந்தது. பச்சையில் போட்டால் அதுவும் அபாயம் மாதிரித்தான் இருந்தது. ஊர்க்காரர்கள் பயந்துவிடுவார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு அழித்துவிட்டேன்.

அழித்ததும் கொஞ்சம் மூச்சு விட முடிந்தது. அதை அப்போது நான் கவனிக்கவில்லை.

ரெண்டு எழுத்துக்கு இடமில்லை

டீக்கடையிலிருந்து நான் வீட்டுக்கு வருவதற்குள் ஃப்ளெக்ஸ் படம் வாட்ஸ்அப்பில் எனக்கு முன்னால் வந்து சேர்ந்திருந்தது. சொர்ணம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள்.

இசக்கி சிரிக்கவில்லை. திறந்த பெட்டி முன்னால் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் உப்புப் பாக்கெட்டுகள் வரிசையாக இருந்தன.

“இது என்னப்பா? தூத்துக்குடி உப்ப கடலுக்கே கொண்டுபோய்ப் போடச் சொல்லுதியளா?”

“குழம்புக்குத்தாம்மா. அங்க உப்பு எப்படி இருக்குமோ...”

அவள் கைப்பேசியை என் பக்கம் திருப்பினாள்.

“சரி, இதுல அணுவ ஏன் எடுத்திய?”

“எழுத்து சிறுத்துட்டும்மா. பஸ்ஸுல போறவன் படிக்கணும்லா?”

“பி.இ.-க்கு இடம் இருக்கு. வாழ்கவுக்கு இடம் இருக்கு, வளர்கவுக்கு இடம் இருக்கு. ரெண்டே எழுத்து. உலகத்துலயே சின்னது அதுதான்ப்பா. அதுக்கா உங்க ஃப்ளெக்ஸ்ல இடம் இல்லாமப் போச்சு?”

சொர்ணத்தின் சிரிப்பு நின்றுவிட்டது.

“நீங்க விளையாட்டுக்குப் பேசுதியன்னு இருந்துட்டேன். பால் குக்கருக்கு ஓடினதையும் ஊரெல்லாம் சொல்லிச் சிரிச்சிய. நெசமாவே பயந்துபோய்க் கெடக்கியன்னு இப்பதான் தெரியுது.” குரல் தணிந்துவிட்டது. “உங்கள இப்படி விட்டுட்டு அங்கன போய் என்னால வேல பாக்க முடியாது. சாயங்காலந்தான் ரயிலு. நீங்க மனசாரப் போன்னு சொல்லுங்க, போறேன். இல்லன்னா இப்பவே ஆபீசுக்குப் போன் போட்டுருதேன். எனக்குப் பதிலா போறதுக்கு ஒருத்தி தயாரா இருக்கா. கோவமா சொல்லலப்பா.”

கோபமாகச் சொல்லியிருந்தால் ஏதாவது ஒரு நக்கலை எடுத்து விட்டிருப்பேன். பதில் தெரிந்தே ஆக வேண்டும் என்ற முகத்தோடு கேட்டாள்.

ஒரு வார்த்தை போதும். ‘வேண்டாம்மா’ என்று சொன்னால் மகள் சென்னையிலேயே இருப்பாள், மாதம் ஒரு தடவை வருவாள், நான் நிம்மதியாகத் தூங்குவேன். நாக்கு நுனி வரை வந்துவிட்டது. அந்தக் குழந்தை பள்ளிக்கூடத்தில் கப்பல் படம் வரைந்து பரிசு வாங்கியதிலிருந்து இந்த நாளுக்காகத்தான் படித்தது என்பதும் கூடவே வந்தது.

“கடை வரைக்கும் போயிட்டு வாரேன்,” என்று சொல்லிவிட்டு வெளியேறினேன்.

“பாத்தியா, ஓடுதாவ,” என்று சொர்ணம் சொன்னது முதுகில் விழுந்தது.

ஏணி

கடையைத் திறந்து கணினியைப் போட்டேன். நேற்று அழித்த அதே ரெண்டு எழுத்தைத் தட்டினேன். எவ்வளவு பெரிதாக்க முடியுமோ அவ்வளவு பெரிதாக்கினேன். ஒட்டும் தாளை இயந்திரத்தில் மாட்டினேன்.

அச்சுத்தலை இங்குமங்கும் ஓட ஓட, முதலில் ‘அ’வின் சுழி, பிறகு அதன் கால், பிறகு ‘ணு’ என்று அது பைய வெளியே வந்தது. மை வாசனை கடை முழுக்க நிறைந்தது. நின்று கண்ணைத் திருப்பாமல் பார்த்தேன். கடைசியில் அதுவும் மற்ற எழுத்துகளைப் போல ஈர மையோடுதான் வந்து விழுந்தது. காய்வதற்கு விசிறியைப் போட்டேன்.

ஏணி ஏறும் ஆள் அன்று ஆழ்வார்குறிச்சிக்குக் கல்யாண வேலையாகப் போயிருந்தார். போன் போட்டால் நாளைக்கு வருகிறேன் என்றார். நாளைக்கு யாருக்கு வேண்டும்?

டீக்கடை முன்னால் நான் ஏணியைச் சாத்துவதைப் பார்த்ததும் கோமதிநாயகம் அண்ணாச்சி பாய்லரை அப்படியே விட்டுவிட்டு வந்தார்.

“நீரா ஏறப்போறீரு? உமக்கு முட்டாய்க்கடைப் படி ஏறினாலே கிறுகிறுக்குமே!”

“பேசாமப் பிடியும் அண்ணாச்சி.”

ஏறினேன். மூன்றாவது படியில் கண்ணை மூடிக்கொண்டேன். ஒட்டுவதற்குக் கண் வேண்டும் என்பது மேலே போன பிறகுதான் ஞாபகம் வந்தது.

“கால் ஆடுதுவே!”

“ஏணி ஆடுது அண்ணாச்சி!”

“ஏணிய நாந்தான் பிடிச்சிருக்கேன். ஏணி கல்லு மாதிரி நிக்கி. ஆடுதது நீரு!”

கீழே மறுபடியும் கூட்டம். சவுக்குக் கம்பை ஒரு கையால் கட்டிப்பிடித்துக்கொண்டு, மறுகையால் தாளை உரித்து, ‘உலை’க்கு முன்னால் இருந்த இடத்தில் வைத்தேன். எழுத்துகளுக்கு நடுவே அவ்வளவு இடம் இல்லைதான். மகள் படத்தின் தோள்பட்டையில் கொஞ்சம் ஏறி உட்கார்ந்தது.

“இடது பக்கம் தூக்கிருக்குப்பா! பைய இறக்குங்க!”

இசக்கியின் குரல். ஸ்கூட்டியை நிறுத்திவிட்டு அண்ணாந்து நின்றாள். பின்னால் உட்கார்ந்து வந்த சொர்ணம் இறங்கக்கூட மறந்து வாயைத் திறந்தபடி இருந்தாள்.

இடது பக்கம் இறக்கினால் நான் இறங்கிவிடுவேன் என்று தோன்றியது. அப்படியே அழுத்தித் தேய்த்தேன். கோணலாக ஒட்டிக்கொண்டது. கப்பலுக்கு அணு உலை வைக்கும் எங்கள் செல்லமகள்.

கீழே பார்த்தேன். பார்த்திருக்கக்கூடாது. தெரு சுற்றியது. அந்தச் சுற்றலுக்கு நடுவில் அவள் முகம் மட்டும் ஒரே இடத்தில் நின்றது.

“ஏட்டி,” என்றேன். சத்தம் எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாக வந்துவிட்டது. “பயமாத்தான் இருக்கு. நீ போயிட்டு வா!”

இசக்கி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“போயிட்டு வாரேம்ப்பா. மொதல்ல நீங்க இறங்கி வாங்க.”

அதற்குத்தான் வெகுநேரம் பிடித்தது.

சாரல் காலத்தில் ஓர் அழைப்பு

பெட்டியிலிருந்து உப்பை எடுத்த இடத்தில் அந்த ஃப்ளெக்ஸை அவிழ்த்து மடித்து வைக்கச் சொன்னாள் இசக்கி. வெளியூர்ச் சாமான் கட்டுவதற்கு ஆகும் என்றாள். ஃப்ளெக்ஸ் விழா முடிந்தால் நெல்மூட்டைக்கு மூடாக்காகப் போகும், மாட்டுத் தொழுவத்துக்குக் கூரையாகப் போகும். பனிக்கடலுக்குப் போனது என் கடைச் சரக்கில் அது ஒன்றுதான்.

என் பயம் போய்விட்டதா என்று கேட்பீர்கள். எங்கே போகும்? கூடவேதான் இருக்கிறது. போன் வர ஒரு நாள் தாமதமானால், என்னோடு அதுவும் சேர்ந்து வாசலுக்கும் முற்றத்துக்கும் நடக்கும்.

ஆனி மாதம் ஒரு சாயங்காலம். மேற்கே மலைப்பக்கம் மூடிக்கொண்டு இங்கே பொசுபொசுவென்று தூறிக்கொண்டிருந்தது. கைப்பேசியில் மகள் முகம் வந்தது.

“இங்க இப்போ சூரியன் மறையவே மாட்டேங்குப்பா. நடுச்சாமத்துலயும் பட்டப்பகல். வந்த புதுசுல கண்ணே மூட முடியல.”

“பெறகு?”

கைப்பேசியைத் திருப்பினாள். சன்னல் முழுக்க என் ஃப்ளெக்ஸ், எழுத்து உள்பக்கம் பார்க்க. கறுப்பு முதுகு வெளியே நின்று அந்த ஊர்ச் சூரியனை மறித்துக்கொண்டிருந்தது. ஓரத்தில் கயிறு கோர்க்க நான் அடித்த வளையங்களில் மட்டும் பொட்டுப் பொட்டாக வெளிச்சம்.

“அறையில கூட இருக்குதவ இதுல என்ன எழுதிருக்குன்னு கேட்டா. சொன்னேன். அணுவ மட்டும் ஏன் கோணலா எழுதிருக்குன்னு கேட்டா. எங்க அப்பா ஏணியில நின்னு ஒட்டுனாருன்னு சொன்னேன். நீங்க ஏணின்னாலே பயப்படுத ஆளுங்கது அவளுக்குத் தெரியாதுல்லா, சும்மா தலைய ஆட்டிக்கிட்டா.”

“உரியலையா?”

“உங்க ஒட்டு உரியுமா? கோணலா இருக்கு, கெட்டியா இருக்கு.”

சொர்ணம் கைப்பேசியைப் பிடுங்கினாள். “ஏட்டி, கொடுத்துவிட்ட வத்தல் நமுத்துப்போச்சா?”

“நமுத்துத்தாம்மா போச்சு. சுவரோரம் வெந்நீர்க் குழாய் ஓடுது பாத்தியளா? கப்பல்ல இருந்து வருத சூடு. அதுமேல பரத்தி வச்சேன். மொறுமொறுன்னு ஆயிட்டு.”

சொர்ணம் என்னைத் திரும்பிப் பார்த்தாள். “வத்தல் காயுதுன்னா அது நல்ல உலதான்” என்று தீர்ப்புச் சொன்னாள்.

அப்போது உள்ளே பால் குக்கர் விசில் அடித்தது. வழக்கம்போல் ஓடினேன். இந்தத் தடவை அடுப்பங்கரைக்குள்.